வென்டிலேட்டர் நோயாளியின் நுரையீரல் விரிதிறனைப் படுக்கையருகிலேயே அளக்கும் முறை

வென்டிலேட்டரின் திரை ஓரத்தில் கம்ப்ளையன்ஸ், அதாவது விரிதிறன், என்ற பெயருடன் ஓர் எண் மூச்சுக்கு மூச்சு மாறிக்கொண்டே இருக்கும். அதை அப்படியே கேஸ் ஷீட்டில் எழுதிவிட்டு அடுத்த படுக்கைக்குப் போவது பல இடங்களில் வழக்கமாகிவிட்டது. நோயாளி தானாக மூச்சு இழுக்காமல் அமைதியாக இருக்கிறார் என்று எடுத்துக்கொண்டுதான் கருவி பெரும்பாலும் அந்தக் கணக்கைப் போடுகிறது. நோயாளி இருமினாலோ இழுத்தாலோ அந்த எண்ணுக்குப் பொருளில்லாமல் போய்விடும். வட சென்னையில் ராயபுரம், தண்டையார்பேட்டை முதல் எண்ணூர் வரை உள்ள சிறிய, நடுத்தர மருத்துவமனைகளின் ஐ.சி.யூ.க்களில் இரவுப் பணியைத் தனியாகத் தாங்கும் இளம் மருத்துவர்களையும் செவிலியர்களையும் மனத்தில் வைத்து இதை எழுதுகிறேன். விரிதிறனைக் கையால் அளக்க இரண்டு நிமிடம் போதும். எந்த நிலையில் அளந்தோம் என்பதையும் சேர்த்து எழுதினால்தான் அந்த அளவு மறுநாள் காலையில் வருபவருக்குப் பயன்படும்.

ஒரு செ.மீ. நீரழுத்தம் கூடினால் எத்தனை மில்லி காற்று உள்ளே போகிறது என்பதே விரிதிறன். நாம் அளப்பது நுரையீரலை மட்டுமல்ல, மார்புக்கூட்டையும் சேர்த்துத்தான் என்பதை மறக்கக் கூடாது. நலமான நுரையீரலோடு வென்டிலேட்டரில் இருக்கும் பெரியவர்களிடம் இது பொதுவாக 50 முதல் 100 வரை இருக்கும், ஏ.ஆர்.டி.எஸ். (நுரையீரல் அழன்று நீர் கோத்து ஆக்சிஜன் சரியும் கடும் நிலை) வந்தவரிடம் 40க்குக் கீழே, சில நேரம் 20க்கும் கீழே போய்விடும். ஆனால் 40 என்பதை ஓர் எல்லைக்கோடாகப் பிடித்துக்கொள்ள வேண்டாம். 2012இல் ஏ.ஆர்.டி.எஸ்.க்கான பெர்லின் வரையறையை வகுத்தவர்கள் இந்த அளவைக் கடுமையான வகையின் அடையாளமாகச் சேர்க்க முயன்று, அது முன்கணிப்புக்குக் கூடுதலாக உதவவில்லை என்று கண்டு விட்டுவிட்டார்கள். ஒரே நோயாளியிடம் நேற்றைய அளவுக்கும் இன்றைய அளவுக்கும் உள்ள வேறுபாடுதான் நமக்கு அதிகம் சொல்லும்.

முதலில் உயரம்

அளவை எடுப்பதற்கு முன் நோயாளியின் உயரத்தை டேப் வைத்து அளந்துவிடுங்கள். படுத்த நிலையில் உச்சந்தலை முதல் குதிகால் வரை அளந்தால் போதும்; கண்ணால் மதிப்பிடுவதும் உறவினரிடம் கேட்டு எழுதுவதும் அடிக்கடி பிசகுகின்றன. ஆணுக்கு 50உடனும் பெண்ணுக்கு 45.5உடனும், உயரத்தில் 152.4 செ.மீ.யைக் கழித்து 0.91ஆல் பெருக்கி வந்த தொகையைக் கூட்டினால், கணிக்கப்பட்ட உடல் எடை கிடைக்கும். 160 செ.மீ. உயரமுள்ள ஆணுக்கு அது சுமார் 57 கிலோ. அவர் தராசில் 85 கிலோ காட்டினாலும் அவருடைய நுரையீரல் 57 கிலோவுக்கு உரியதுதான், ஏனென்றால் உடல் பருத்தாலும் நுரையீரல் பெரிதாவதில்லை. கிலோவுக்கு 6 மில்லி என்றால் அவருக்கான டைடல் வால்யூம், அதாவது ஒரு மூச்சில் செலுத்தும் காற்றின் அளவு, 340 மில்லி அளவில் வரும். 2000இல் வெளிவந்த ஏ.ஆர்.டி.எஸ். நெட்வொர்க் ஆய்வில், இந்தக் குறைந்த அளவு கொடுக்கப்பட்டவர்களில் இறப்பு 31 சதவீதமாகவும், 12 மில்லி கொடுக்கப்பட்டவர்களில் ஏறத்தாழ 40 சதவீதமாகவும் இருந்தது. ஒரு டேப் இல்லாததால் இந்த வேறுபாட்டை இழப்பதற்கு எந்தச் சமாதானமும் சொல்ல முடியாது.

அளக்கும் முறை

நோயாளி வால்யூம் கன்ட்ரோல் முறையில் (ஒவ்வொரு மூச்சிலும் குறித்த அளவு காற்றைக் கருவி தரும் முறை), சீரான ஃப்ளோவில், தானாக மூச்சு இழுக்காத நிலையில் இருக்க வேண்டும். மூச்சுக்குழாய்க்குள் வைத்த ட்யூபில் சளி இருந்தால் முதலில் உறிஞ்சி எடுத்துவிட்டு, சர்க்யூட்டில் தேங்கிய நீரை வடித்து, கஃப் (ட்யூபைச் சுற்றிக் காற்றுக் கசிவைத் தடுக்கும் பலூன்) அழுத்தம் 20க்கும் 30க்கும் இடையில் இருக்கிறதா என்று பாருங்கள். உறிஞ்சிய உடனேயே அளக்காமல், சுருங்கிய பகுதிகள் மீண்டும் விரிவதற்குச் சில நிமிடங்கள் விடுவது நல்லது. படுக்கையின் தலைப்பக்கம் எவ்வளவு உயர்ந்திருக்கிறது என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு முறையும் அதே கோணத்தில் அளப்பதே ஒப்பீட்டுக்கு உதவும்.

இப்போது, உள்மூச்சின் முடிவில் காற்றை நிறுத்திப் பிடிக்கும் இன்ஸ்பிரேட்டரி ஹோல்டு பொத்தானை அழுத்தி, குறைந்தது அரை விநாடி பிடியுங்கள். ஃப்ளோ வரைகோடு சுழியத்தைத் தொட்டு, அழுத்த வரைகோடு உச்சத்திலிருந்து இறங்கிச் சமதளமாக நிற்க வேண்டும். அந்தச் சமதளத்தின் உயரமே பிளாட்டோ அழுத்தம். எண்ணைப் படிப்பதற்கு முன் கோட்டைப் பாருங்கள். அது தளும்பினாலோ மேலே ஏறினாலோ நோயாளியின் தசைகள் வேலை செய்கின்றன. இறங்கிக்கொண்டே போனால் கஃபிலோ சர்க்யூட்டிலோ மார்புக் குழாய் வழியாகவோ காற்று கசிகிறது. இரண்டு நிலையிலும் திரை ஓர் எண்ணைக் காட்டத்தான் செய்யும், ஆனால் அது பிளாட்டோ அழுத்தமல்ல. கோடு சீராக இருந்தால், மூன்று மூச்சுகளில் இதே போல எடுத்துச் சராசரி காணுங்கள்.

அடுத்து எக்ஸ்பிரேட்டரி ஹோல்டு, அதாவது வெளிமூச்சின் முடிவில் நிறுத்திப் பிடிப்பது. இந்தப் படியைத்தான் பலரும் விட்டுவிடுகிறார்கள். மூச்சு முழுதாக வெளியேறுவதற்குள் அடுத்த மூச்சு தொடங்கினால், நாம் வைத்த பீப் (வெளிமூச்சின் முடிவிலும் நுரையீரலில் நிறுத்திவைக்கும் அழுத்தம்) அளவுக்கு மேல் உள்ளே கூடுதல் அழுத்தம் தங்கிவிடும்; இரண்டும் சேர்ந்து இந்த ஹோல்டில் தெரிவதே மொத்த பீப். ஆஸ்துமா, புகைப்பழக்கத்தால் வந்த சி.ஓ.பி.டி. (நாள்பட்ட மூச்சடைப்பு நோய்), வேகமாக வைக்கப்பட்ட மூச்சு எண்ணிக்கை ஆகிய எல்லாவற்றிலும் இது நேரும்.

கணக்கு எளிது: டைடல் வால்யூமை, பிளாட்டோ அழுத்தத்திலிருந்து மொத்த பீப் அளவைக் கழித்து வரும் தொகையால் வகுக்க வேண்டும். மேலே சொன்ன நோயாளிக்கு 340 மில்லி, பீக் அழுத்தம் (உள்மூச்சில் எட்டும் உச்ச அழுத்தம்) 34, பிளாட்டோ 26, வைத்த பீப் 8 என்று கொள்வோம். 8ஐக் கழித்தால் 18. விரிதிறன் சுமார் 19. எக்ஸ்பிரேட்டரி ஹோல்டில் மொத்த பீப் 10 என்று தெரிந்தால் கழிவு 16 ஆகி, விரிதிறன் சுமார் 21 ஆகிறது. நுரையீரல் மாறவில்லை, நம் அளவுதான் திருந்தியது. பீக் அழுத்தத்தை வைத்துக் கணக்கிடும் டைனமிக் கம்ப்ளையன்ஸ் இதே நோயாளிக்கு 14 என்று காட்டும். அதில் ட்யூபின் தடையும் மூச்சுக்குழாயின் தடையும் கலந்திருப்பதால், நுரையீரல் எவ்வளவு விறைத்திருக்கிறது என்பதற்கு அதைச் சான்றாகக் கொள்ள முடியாது.

அந்த 16க்கு டிரைவிங் பிரஷர் என்று பெயர். ஒன்பது ஆய்வுகளில் இருந்த 3,562 நோயாளிகளின் தகவல்களை மறுபடி ஆராய்ந்து 2015இல் வெளியான கட்டுரை, டைடல் வால்யூமையும் பீப் அளவையும்விட இந்த அழுத்தமே இறப்போடு நெருக்கமாகத் தொடர்புடையது என்று காட்டியது. அது பழைய தரவுகளை வைத்துச் செய்த ஆய்வுதான்; ஆனாலும் பிளாட்டோவை 30க்குள்ளும் இந்த அழுத்தத்தை 15க்குள்ளும் வைக்க முயல்வது நியாயமான இலக்கு. நம் நோயாளிக்கு டைடல் வால்யூமைக் கிலோவுக்கு 5 மில்லியாக, அதாவது 285 ஆகக் குறைத்தால், விரிதிறன் மாறாதிருக்கும் வரை டிரைவிங் பிரஷர் 13 அளவுக்கு இறங்கும். கார்பன் டை ஆக்சைடு ஏறாமலிருக்க மூச்சு எண்ணிக்கையைக் கூட்ட வேண்டியிருக்கும். கூட்டிய பின் எக்ஸ்பிரேட்டரி ஹோல்டை மறுபடியும் செய்தாக வேண்டும்.

அளவு மாறும்போது

பீக் அழுத்தம் மட்டும் ஏறி, பிளாட்டோ அப்படியே இருந்தால் கோளாறு காற்றுப் பாதையில் இருக்கிறது: சளி அடைப்பு, கடிபட்ட ட்யூப், மடங்கிய சர்க்யூட், மூச்சுக்குழாய் இறுக்கம். இரண்டும் சேர்ந்து ஏறினால் விரிதிறன் குறைந்துவிட்டது. ட்யூப் வலப்பக்க மூச்சுக்குழாய்க்குள் இறங்கியிருக்கலாம், நுரையீரலின் ஒரு பகுதி சுருங்கியிருக்கலாம், நீர் கோத்திருக்கலாம், மார்புக்கூட்டில் காற்று புகுந்திருக்கலாம். இவற்றோடு ரத்த அழுத்தமும் சரிந்தால் ஹோல்டு பொத்தானைத் தேட வேண்டாம். அழுத்தம் மிகுந்த நியூமோதோராக்ஸ் (மார்புக்கூட்டில் அடைபட்ட காற்று நுரையீரலை அழுத்தும் நிலை) என்று எண்ணி உடனே செயல்படுங்கள்.

மணலி, எண்ணூர் போன்ற தொழிற்பகுதிகளில் குளோரின் போன்ற வாயுவைச் சுவாசித்து வருபவரிடம் இந்த இரண்டு நிலைகளும் அடுத்தடுத்து வரக்கூடும். முதலில் மூச்சுக்குழாய் இறுகிப் பீக் ஏறும். மருந்தில் அது தணிந்து எல்லோரும் நிம்மதியடைந்திருக்கும்போது, சில மணி நேரம் கழித்து நுரையீரலில் நீர் கோத்து பிளாட்டோ ஏறத் தொடங்கும். அத்தகைய நோயாளிக்கு முதல் நாளில் ஒரு மணி நேரத்துக்கு ஒருமுறையாவது அளப்பதுதான் என் பரிந்துரை. பழைய காசநோயால் ஒரு பக்க நுரையீரல் சிதைந்துபோனவர்களிடமும் கூடுதல் கவனம் வேண்டும். உயரத்தை வைத்துப் போடும் கணக்கு இரண்டு நுரையீரல்களும் இருப்பதாக எடுத்துக்கொள்கிறது. இவரிடம் 6 மில்லியும் ஒரு பக்கத்துக்கே போய்ச் சேரும். டிரைவிங் பிரஷர்தான் அங்கே நமக்கு வழிகாட்டி.

வயிறு உப்பியிருந்தால், மகோதரம் (வயிற்றில் நீர் கோப்பது) இருந்தால், உடல் மிகப் பருத்திருந்தால், விரிதிறன் குறைவதற்கு மார்புக்கூடே காரணமாக இருக்கலாம். குப்புறப் படுக்க வைத்ததும் இதே காரணத்தால் அளவு சற்று இறங்குவதுண்டு. அதைப் பார்த்துப் பதறி நோயாளியைத் திருப்பிவிடாதீர்கள். 2013இல் வெளியான ப்ரொசேவா ஆய்வில், கடுமையான ஏ.ஆர்.டி.எஸ். நோயாளிகளை ஒரே தடவையில் குறைந்தது 16 மணி நேரம் குப்புறப் படுக்க வைத்ததில் 28ஆம் நாள் இறப்பு 32.8 சதவீதத்திலிருந்து 16 சதவீதமாக இறங்கியது.

பீப் அளவை மாற்றும்போதும் இதே அளவுதான் துணை. பீப் 4 கூட்டியபின் பிளாட்டோ 2 மட்டும் ஏறினால், மூடிக்கிடந்த பகுதிகள் திறந்திருக்கின்றன என்று கொள்ளலாம். பிளாட்டோ 6 ஏறினால், ஏற்கெனவே திறந்திருந்த பகுதி அளவுக்கு மீறி விரிகிறது. பழைய அளவுக்குத் திரும்புங்கள். ஆக்சிஜன் அளவு உயர்ந்தது என்பதற்காக மட்டும் கூட்டிய பீப் அளவைத் தக்கவைக்கக் கூடாது, ரத்த அழுத்தத்தையும் கூடவே பார்க்க வேண்டும்.

வேறு மருத்துவமனைக்கு அனுப்பும்போது

எண்ணூர் விரைவுச் சாலையில் கன்டெய்னர் லாரிகளுக்கிடையே ஆம்புலன்ஸில் வரும் நோயாளிக்கு, ட்யூப் ஒரு சென்டிமீட்டர் நகர எத்தனையோ சந்தர்ப்பம் உண்டு. முதியவர்கள் இன்றும் கஞ்சித்தொட்டி ஆஸ்பத்திரி என்று அழைக்கும் ஸ்டான்லி அரசு மருத்துவமனைக்கு அனுப்பினாலும் வேறெங்கு அனுப்பினாலும், கடிதத்தில் விரிதிறன் 21 என்று மட்டும் எழுதாதீர்கள். உயரம், கணிக்கப்பட்ட எடை, டைடல் வால்யூம், பிளாட்டோ, வைத்த பீப், மொத்த பீப், தலைப்பக்கக் கோணம், மயக்க மருந்து, பல்வரிசையில் ட்யூபின் குறி, அளந்த நேரம் ஆகிய அனைத்தையும் எழுதுங்கள். நோயாளியைப் பெற்றுக்கொள்பவர் முதலில் அதே அமைப்பில் ஒருமுறை அளக்கட்டும். அளவு குறைந்திருந்தால் ட்யூபின் குறியைக் கடிதத்தோடு ஒப்பிட்டு, இடப்பக்க மூச்சொலியைக் கேட்டு, அல்ட்ராசவுண்டில் இரு பக்கமும் நுரையீரல் அசைகிறதா என்று பார்த்துவிட்டு, அதன் பிறகு வென்டிலேட்டர் அமைப்பை மாற்றட்டும்.