ரங்கூனுக்கு வருகிறீர்களா? பிறந்த கிழமையைக் கேட்டுக்கொண்டு வாருங்கள்

விசா, வாடகை, பணம் மாற்றுவது பற்றியெல்லாம் சொல்ல இங்கே ஆள் உண்டு. நான் சொல்லப்போவது யாரும் பெட்டியில் எடுத்துவர நினைக்காத ஒன்றை.

வீடு பார்க்கப் போன முதல் நாள், வீட்டுக்காரம்மா என் சம்பளத்தைக் கேட்கவில்லை. "என்ன கிழமையில் பிறந்தீர்கள்?" என்றார். நட்சத்திரம் கேட்டிருந்தால் தூக்கத்தில்கூடச் சொல்லியிருப்பேன். கிழமைக்கு அம்மாவைத்தான் அழைக்க வேண்டியிருந்தது. "புதன்கிழமை அப்பா. பொன் கிடைத்தாலும் புதன் கிடைக்காது" என்றார் அம்மா, பெருமையாக. வீடு கிடைத்துவிட்டது. ஆனால் கதை அதோடு முடியவில்லை.

பர்மியர் கணக்கில் வாரத்துக்கு எட்டுப் பங்கு. புதன்கிழமையை இரண்டாக வெட்டி, முற்பகலைப் புதனுக்கும் பிற்பகலை ராகுவுக்கும் கொடுத்திருக்கிறார்கள். ஒவ்வொன்றுக்கும் ஒரு திசை, ஒரு விலங்கு. ஞாயிறு வடகிழக்கு, கருடன். திங்கள் கிழக்கு, புலி. செவ்வாய் தென்கிழக்கு, சிங்கம். வியாழன் மேற்கு, எலி. வெள்ளி வடக்கு, கினிப்பன்றி. சனி தென்மேற்கு, நாகம். புதன் முற்பகல் தெற்கு, கொம்புள்ள யானை. பிற்பகல் வடமேற்கு, கொம்பில்லாத யானை. ஷ்வேடகோன் பகோடாவைச் சுற்றி இந்த எட்டு மூலைகளிலும் புத்தர் சிலைகள் இருக்கின்றன. உங்கள் மூலைக்குப் போய்ச் சிறு கிண்ணத்தால் நீர் ஊற்ற வேண்டும். வயதுக்கு ஒரு கிண்ணம், அதற்கு மேல் ஒன்று என்று பலர் ஊற்றுவார்கள். செருப்பை மட்டுமல்ல, காலுறையையும் படிக்கட்டின் கீழேயே கழற்றிவிடுங்கள். மத்தியான வெயிலில் சலவைக்கல் தோசைக்கல்தான். காலையிலோ அந்தியிலோ போவது உத்தமம்.

பல மாதங்கள் நான் கொம்புள்ள யானைக்கு நீர் ஊற்றினேன். ஊருக்குப் போனபோது என் சாதகக் குறிப்பைப் பிரித்துப் பார்த்தேன்: உதயாதி நாழிகை 17, அதாவது சூரிய உதயத்திலிருந்து 17 நாழிகை. நாழிகைக்கு 24 நிமிடம். சூரியன் ஆறு மணிக்கு உதித்ததாக வைத்தால், ஏறக்குறைய பகல் பன்னிரண்டே முக்கால். அதாவது நான் ராகுவின் பிள்ளை. அத்தனை நாளும் நின்றது அடுத்த வீட்டு வாசலில். வீட்டுக்காரம்மாவிடம் சொன்னதும் சிரிக்கவில்லை. "அதனால்தான் உங்களுக்கு வேலை நிலைக்கவில்லை" என்றார் கவலையோடு. ஆகவே புதன்கிழமைக்காரர்கள் பிறந்த நேரத்தையும் கேட்டுக்கொண்டு வாருங்கள். நம் சாதகத்தில் நாள் சூரிய உதயத்தில்தான் பிறக்கும். விடியுமுன் பிறந்தவர்களுக்கு முந்தின கிழமையை எழுதியிருப்பார்கள் என்பதையும் கவனியுங்கள்.

பெயரிலும் கிழமை ஒளிந்திருக்கும். முதலெழுத்தைக் கிழமைப்படி வைப்பது பர்மியர் வழக்கம். க வரிசை திங்கள், ப வரிசையும் மகரமும் வியாழன், த வரிசையும் நகரமும் சனி. முருகன் என்றால் வியாழக்கிழமையா என்று யாராவது கேட்டால் விழிக்காதீர்கள்.

காலத்தையே சாமியாக வைத்து ஓர் அரசைக் கற்பனை செய்யச் சொன்னால், நான் இந்த நாட்டின் சரித்திரத்திலிருந்து பாதியை எடுத்துக்கொள்வேன். 1948 ஜனவரி 4 அன்று விடியற்காலை 4.20 மணிக்குச் சுதந்திரம். நேரம் குறித்தவர்கள் சோதிடர்கள். (நம் ஊரில் 420 என்றால் வேறு அர்த்தம். அந்த நகைச்சுவையை இங்கே சொல்லிப் பார்த்தேன், எடுபடவில்லை.) 1987இல் 25, 35, 75 கியாத் நோட்டுகளைச் செல்லாது என்று அறிவித்துவிட்டு, ராசி எண்ணாகக் கருதப்பட்ட ஒன்பதால் வகுபடும் 45, 90 கியாத் நோட்டுகளை விட்டார்கள். சேமிப்பெல்லாம் போன குடும்பங்கள் ஏராளம். பெரியவர்கள் முன் அதை வேடிக்கைக் கதையாகப் பேசாதீர்கள். 2005 நவம்பர் 6 அன்று காலை 6.37க்கு அரசு அலுவலகங்கள் புதிய தலைநகரை நோக்கிக் கிளம்பின. 1970இல் வண்டிகளைச் சாலையின் வலப்பக்கத்துக்கு மாற்றியதற்கும் சோதிடம்தான் காரணம் என்பது ஊர்ப்பேச்சு. காரணம் எதுவோ, பல கார்களுக்கு ஸ்டியரிங் இன்னும் வலப்புறமே இருக்கிறது. டாக்சியிலிருந்து நடைபாதைப் பக்கமாகவே இறங்குங்கள்.

நமக்கு ஆடி ஒரு மாதம். இவர்களுக்கு ஜூலைப் பௌர்ணமி தொடங்கி அக்டோபர்ப் பௌர்ணமி வரை மூன்று மாதம். கல்யாணம், வீடு மாற்றம் எதுவும் வைக்கமாட்டார்கள். உங்கள் குத்தகை அந்த நடுவில் முடியாதபடி பார்த்துக்கொள்ளுங்கள்.

சித்திரை முதல் நாள் இன்னொரு சங்கடம். அது பர்மியப் புத்தாண்டையொட்டிய திங்யான் தண்ணீர்த் திருவிழாவின் நடுவில் வரும். பட்டுப்புடவை கட்டிக்கொண்டு அனவ்ரதா சாலையில் காளி கோயிலுக்குப் போனால், காளியைப் பார்க்குமுன் முழுக்காட்டு நடந்துவிடும். கோபித்துக்கொள்ள முடியாது, ஊற்றுகிறவர்கள் பழைய பாவத்தைக் கழுவிவிடுகிறார்கள். 1871இல் தமிழர்கள் எழுப்பிய கோயில் அது. அங்கே பிள்ளையாரைக் கும்பிடும்போது பர்மியர் சொல்லும் இந்தக் கதையும் நினைவிருக்கட்டும்: இந்திரனிடம் பந்தயத்தில் தோற்ற ஒரு பிரம்மாவின் தலை வெட்டப்பட்டது, உடலில் யானைத்தலை பொருத்தப்பட, அவரே பிள்ளையார் ஆனார். வெட்டிய தலையைக் கடலில் போட்டால் கடல் வற்றும், நிலத்தில் போட்டால் நிலம் எரியும். அதனால் தேவகன்னியர் ஆளுக்கு ஓர் ஆண்டாகக் கையில் ஏந்துகிறார்கள். ஒரு கை அடுத்த கைக்கு மாற்றும் நேரம்தான் புத்தாண்டு. பார்வதி, மஞ்சள் எதுவும் இந்தக் கதையில் இல்லை. என் பாட்டி கேட்டிருந்தால் சண்டைக்கே போயிருப்பாள்.

கடைசியாகக் காலண்டர். இங்கே கடிகாரம் இந்தியாவைவிட ஒரு மணி நேரம் முன்னால் ஓடும். ஊரிலிருந்து கொண்டுவந்த தினசரி காலண்டரில் ராகு காலத்துக்கு ஒரு மணியைக் கூட்டாதீர்கள். அது அந்தந்த ஊர்ச் சூரிய உதயத்தை ஒட்டியது, ரங்கூன் கடிகாரத்திலும் ஏறக்குறைய அதே மணிதான். அமாவாசையோ திதியோ முடியும் நேரத்துக்கு மட்டும் கட்டாயம் கூட்டுங்கள். என் அப்பாவின் திதிக்கு முதல் வருடம் நான் இரண்டையும் மாற்றிச் செய்தேன்.