பாரசீக இசையும் ஆர்கெஸ்ட்ராவும்: திரையிசையில் தவிர்க்க வேண்டிய தவறுகள்

பாலைவனம், தூரத்தில் ஒரு மசூதிக் கோபுரம். அடியில் வயலின்கள் ஒரே சுரத்தை நீளமாகப் பிடித்துக்கொண்டிருக்க, மேலே டுடுக் என்ற குழல் உருகுகிறது. சற்று நேரத்தில் ஒரு பெண்குரல் சொல்லே இல்லாமல் இழுக்கத் தொடங்கும். ஈரானில் நடக்கும் கதை என்றால் வெளிநாட்டுப் படங்களில் பெரும்பாலும் இதுதான் கேட்கிறது. டுடுக் ஆர்மீனியர்களின் வாத்தியம். பாரசீகச் செவ்விசையில் பாடகர் பாடுவது ஹாஃபிஸ், ஸஅதி போன்ற கவிஞர்களின் வரிகளை. சொல்லற்ற ஓலத்தை அல்ல. அடியில் கிடக்கும் வயலின் சுரத்துக்கும் மேலே போகும் மெட்டுக்கும் பல நேரம் சுருதியே சேர்வதில்லை.

இந்தக் கலவை ஈரானியர்களுக்குப் புதிது இல்லை. 1868-ல் அல்ஃபிரெட் லெமேர் என்ற பிரெஞ்சுக்காரர் ராணுவ பேண்டுக்குப் பயிற்சி கொடுக்க டெஹ்ரானுக்கு வந்தார். அப்போதிலிருந்து ஐரோப்பிய இசை அங்கே பாடமாகவே சொல்லித்தரப்பட்டது. பிறகு மொர்தெஸா ஹன்னானே, ஹொர்மோஸ் ஃபர்ஹாத், மஜீத் எந்தெஸாமி, ஹுசேன் அலிஸாதே என்று இரண்டு பக்கமும் தெரிந்தவர்கள் திரைக்கு இசையமைத்தார்கள். அவர்கள் எதில் கவனமாக இருந்தார்கள் என்று பார்த்தாலே, இன்று கம்ப்யூட்டரில் சாம்பிள்களை அடுக்கிக் குறும்படத்துக்கும் ஆவணப்படத்துக்கும் 'பாரசீக டச்' கொடுக்க நினைப்பவர்கள் எங்கே சறுக்குகிறார்கள் என்பது புரியும்.

எல்லாவற்றுக்கும் வேரான தவறு ஒன்று உண்டு. பாரசீக இசையை ஒரு ஸ்கேல் என்று எடுத்துக்கொள்வது. இணையத்தில் 'பெர்ஷியன் ஸ்கேல்' என்று தேடினால் ஏழு சுரங்கள் வரும். அதை வைத்து மெட்டுப் போட்டுவிடுகிறார்கள். ஈரானியச் செவ்விசை அப்படி அமைந்தது இல்லை. அதில் ஏழு தஸ்த்காக்கள், அதாவது மெட்டுக் குடும்பங்கள்: ஷூர், ஹொமாயூன், செகாஹ், சஹார்காஹ், மாஹூர், நவா, ராஸ்த் பஞ்ச்காஹ். இவற்றிலிருந்து கிளைத்த ஐந்து ஆவாஸ்களும் உண்டு; இஸ்ஃபஹான் அதில் ஒன்று. ஒவ்வொரு தஸ்த்காவிலும் கூஷே எனப்படும் சிறுசிறு மெட்டுத் துண்டுகள் வரிசையாக இருக்கும். இவற்றின் மொத்தத் தொகுப்புதான் ரதீஃப். மிர்ஸா அப்துல்லா (1843–1918) தன் மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுத்த ரதீஃபைத்தான் இன்றும் பலர் மனப்பாடம் செய்கிறார்கள். 2009-ல் யுனெஸ்கோ தன் மரபுப் பட்டியலில் ரதீஃபைச் சேர்த்தது.

வாசிப்பு தராமத் என்ற தொடக்கப் பகுதியில், கீழ்ச் சுரங்களில் நிதானமாக ஆரம்பிக்கும். அடுத்தடுத்த கூஷேக்களில் மெல்ல மேலே ஏறும். ஒவ்வொரு கூஷேயும் தனக்கென்று ஒரு சுரத்தைச் சுற்றிவரும். அந்தச் சுரத்தை ஷாஹெத் என்கிறார்கள். கடைசியில் ஃபொரூத் எனப்படும் இறங்குவழியில் தொடங்கிய இடத்துக்கு வந்து சேரும். நமக்கு உடனே ராகம் நினைவுக்கு வரும். பாதி சரி. ஆனால் ராகத்தில் ஆதார சுருதி அசையாது. தஸ்த்காவில் மையமே இடம் மாறிக்கொண்டிருக்கும். அதனால்தான் பாரசீக மெட்டுக்கு அடியில் தம்புரா போல இடைவிடாத ஒரு சுரத்தைப் போடுவது பெரிய பிழை. தார், செத்தார் ஆகிய தந்தி வாத்தியங்களை வாசிப்பவர்கள் திறந்த தந்தியை நடுநடுவே தட்டுவார்கள். அது வேறு விஷயம்.

சினிமாவுக்கு இந்த அமைப்பு எவ்வளவு பொருத்தமானது என்று யோசித்துப் பாருங்கள். மாஹூர் ஏறக்குறைய நம் சங்கராபரணம் போல வெளிச்சமாக ஒலிக்கும். அதற்குள் தெல்கஷ் என்று ஒரு கூஷே. அங்கே போனதும் மெட்டு பஞ்சமத்தை மையமாக்கிக்கொண்டு ஷூரின் சாயலுக்கு மாறிவிடும். வெளிச்சம் சட்டென்று மங்கும். ஃபொரூத் வந்தால் மறுபடி மாஹூர். சந்தோஷமான குடும்பக் காட்சிக்குள் ஒரு கெட்ட செய்தி நுழைகிறது என்றால், புதிதாக ஒரு சோக மெட்டு தேடவே வேண்டாம். மாஹூரிலேயே இருந்து தெல்கஷுக்குள் போய், ஃபொரூதைக் கொடுக்காமல் நிறுத்தி வைத்தால் போதும். ஸ்கேலாக மட்டும் பார்ப்பவருக்கு இந்த வாசலே தெரியாது.

அடுத்தது சுருதி. சஹார்காஹில் ரிஷபமும் தைவதமும் கொரோன் சுரங்கள், அதாவது பியானோவின் இரண்டு கட்டைகளுக்கு நடுவே விழுபவை. பியானோவில் அவை இல்லையே என்று பக்கத்துக் கட்டைக்கு இறக்கிவிட்டால் கிடைப்பது ச, சுத்த ரி, அந்தர க, சுத்த ம, ப, சுத்த த, காகலி நி. சரளி வரிசை பாடிய எவருக்கும் இது என்னவென்று தெரியும்: அசல் மாயாமாளவகௌளை. அருமையான ராகம்தான், ஆனால் சஹார்காஹ் போய்விட்டது. ஹாலிவுட்டில் பாம்பாட்டிக்கும் பாலைவனத்துக்கும் சேர்த்து வாசித்துத் தேய்ந்துபோன அந்த ஒலியும் கூடவே வந்துவிடும்.

சரி, சாஃப்ட்வேரில் சரியாக 50 சென்ட் இறக்கிவிடலாமே என்பார்கள். இது அடுத்த பொறி. பியானோவில் அடுத்தடுத்த இரண்டு கட்டைகளுக்கு இடையே 100 சென்ட். பாரிஸிலும் பெர்லினிலும் படித்துத் திரும்பிய அலீ நகீ வஸீரி, ஸ்தாயியை 24 சம பாகமாகப் பிரிக்கும் முறையை முன்வைத்தார். சுரத்தைச் சற்றே தாழ்த்தும் கொரோன், சற்றே உயர்த்தும் சொரி என்ற குறிகளும் அவர் தந்தவை. குறிகள் நிலைத்தன. சம பாகக் கணக்கைப் பின்னால் வந்த ஃபர்ஹாத் ஏற்கவில்லை. வாத்தியங்களை அளந்து பார்த்து, இந்த நடுச்சுர இடைவெளி இரண்டு அளவில் வருகிறது, சிறியது சுமார் 135, பெரியது சுமார் 160, இரண்டுமே நெகிழக்கூடியவை என்றார். சஹார்காஹின் ரிஷபம் சுமார் 135-இல் நிற்கும். 50 இறக்கினால் 150-இல் நிற்கும். காகிதத்தில் சின்ன வித்தியாசம்; ஈரானியக் காதுக்கு அது அபசுரம். அதனால் எண்ணை நம்பாமல், நல்ல தார் கலைஞர் ஒருவரின் பதிவைப் பக்கத்தில் வைத்துக் காதால் சரிபார்ப்பதே வழி. இவ்வளவு நுட்பமாக இடைவெளிகளை ஆராய்ந்த இதே ஃபர்ஹாத்தான், 1969-ல் வந்த தாரியுஷ் மெஹ்ர்ஜூயியின் 'பசு' படத்துக்கு இசையமைத்தவர். ஆராய்ச்சியும் திரையும் ஒரே ஆளிடம் இருந்தன.

மெட்டு சரியாக அமைந்த பிறகும் கார்டுகள் அதைக் கெடுத்துவிடும். ஐரோப்பிய ஹார்மனி பெருமளவு பஞ்சமத்தின் பலத்தில் நிற்பது. ஷூரிலோ ஐந்தாவது சுரம் நிலையாக நிற்காது. மெட்டு இறங்கும்போது அதுவே கொரோனாகத் தாழும். அந்த இடத்தில் பஞ்சமத்தோடு கூடிய முழு கார்டை அழுத்தினால் இரண்டும் மோதும். செகாஹில் நிலைமை இன்னும் சிக்கல்: மெட்டு வந்து உட்காரும் சுரமே கொரோன்தான். பியானோவில் அதற்கு வீடே கிடையாது. அங்கே மேஜர், மைனர் என்று தேடுவது வீண்.

ஹன்னானே இதற்கு ஒரு விடை தேடினார். மூன்று, ஐந்து என்று அடுக்கும் வழக்கமான கார்டுகளை விட்டுவிட்டு, இரண்டு, நான்கு போன்ற இரட்டைப்படை இடைவெளிகளால் அடுக்கும் ஹார்மனியை உருவாக்கினார். பாரசீக மெட்டுகள் நான்கு சுரத் தொகுதிகளாகவே நகர்பவை. அதனால் நான்காம் இடைவெளி அவற்றுக்கு அந்நியமாகப் படாது. 1980-களில் வெளியான அலீ ஹாத்தமியின் 'ஹெஸார் தஸ்தான்' தொலைக்காட்சித் தொடருக்கு அவர் போட்ட தொடக்க இசை இன்றும் ஈரானில் பிரபலம். அது மொர்தெஸா நெய்தாவூத் இஸ்ஃபஹானில் அமைத்த பழைய பீஷ்தராமத் (தராமத்துக்கு முன் வாசிக்கும் முன்னிசை) ஒன்றிலிருந்து வளர்ந்தது. இஸ்ஃபஹான் கீரவாணிக்கு மிக அருகே நிற்பது, ஆர்கெஸ்ட்ரா தாங்கிக்கொள்ளும். முதன்முதலாக முயல்பவர்களுக்கு என் யோசனையும் அதுதான்: மாஹூரிலோ இஸ்ஃபஹானிலோ தொடங்குங்கள். செகாஹுக்கு ஹார்மனி போடும் ஆசையைத் தள்ளி வையுங்கள்.

வயலின் குடும்பத்தால் கொரோன் வாசிக்க முடியும்; விரல் வைக்கும் இடத்தில் வீணை போல மெட்டுக்கட்டைகள் கிடையாது. இருந்தாலும் பன்னிரண்டு பேர் ஒரே கொரோனைப் பன்னிரண்டு விதமாகப் பிடித்தால் சுருதி விலகிய மாதிரியே கேட்கும். முதலில் ஈரானிய வில் வாத்தியமான கமான்சேயைத் தனியாகப் பதிந்து, அதை எல்லோர் காதிலும் ஒலிக்கவிட்டுப் பிறகு வாசிக்கச் சொல்லுங்கள். ஹார்ன், கிளாரினெட், ஹார்ப் ஆகியவற்றுக்குக் கொரோன் வரும் இடங்களில் அந்தச் சுரத்தையே கொடுக்காமல் சுற்றியுள்ள நிலையான சுரங்களைக் கொடுப்பது நல்லது.

வாத்தியத் தேர்வில் நடக்கும் குழப்பங்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். காஷ்மீரச் சந்தூரை ஈரானியச் சந்தூராகப் பயன்படுத்துகிறார்கள். காஷ்மீரத்து வாத்தியத்தில் சுமார் 100 தந்திகள், ஈரானியதில் 72. உடல், தட்டும் குச்சி, ஒலி எல்லாமே வேறு. ஈரானியக் கைமுரசான தொம்பக் இருக்க வேண்டிய இடத்தில் அரபு தர்புகாவைப் போடுகிறார்கள். டுடுக்கைக் கதையோ கலைஞரோ கோரும்போது சேர்ப்பதில் தவறில்லை. அலிஸாதேயே ஆர்மீனிய டுடுக் மேதை ஜீவான் காஸ்பர்யானோடு மேடையில் வாசித்திருக்கிறார். இன்னொரு பக்கம், ஈரானிய உணர்வுக்கு ஈரானிய வாத்தியமே வேண்டும் என்பதும் கட்டாயம் இல்லை. எந்தெஸாமி ஓபோ கலைஞர். அவருடைய பட இசையைப் பெரிதும் சுமப்பது ஆர்கெஸ்ட்ராதான், ஆனால் மெட்டின் நடை ஈரானுடையது.

செத்தாரைப் பற்றி மட்டும் தனியாக ஒரு வார்த்தை. அதை வலது கை ஆள்காட்டி விரலின் நகத்தால் வாசிப்பார்கள். மிக மெல்லிய ஒலி. அதற்குப் பின்னால் முப்பது பேர் வில் இழுத்தால் எந்த மிக்ஸிங்கிலும் அதைக் காப்பாற்ற முடியாது. செத்தார் பேசும்போது மற்றவர்கள் நிறுத்த வேண்டும், அவ்வளவுதான்.

காலத்தைப் பற்றிய தவறு, காதில் சீராகத் தட்டிக்கொண்டே இருக்கும் கிளிக் டிராக்கில் தொடங்குகிறது. ரதீஃபின் பெரும்பகுதிக்குத் தாளக் கட்டு இல்லை. கவிதையின் நெடில் குறில் ஓட்டத்தில் நகரும். அதைக் கட்டத்துக்குள் அடைத்தால் தஹ்ரீர் என்ற குரல் அசைவு எல்லாம் இயந்திரம் போல ஆகிவிடும். வழி தலைகீழானது. முதலில் கலைஞர் காட்சியைப் பார்த்துக்கொண்டே தாளமின்றி வாசிக்கட்டும். அதன் மூச்சு எங்கே விழுகிறது என்று குறித்துக்கொண்டு, அந்த இடங்களில் ஆர்கெஸ்ட்ராவைச் சேருங்கள். அலிஸாதே 1983-ல் அமைத்த 'நெய் நவா'வைக் கேட்டால் இது விளங்கும். நவா தஸ்த்காவில், நெய்க்குழலுக்கும் தந்தி ஆர்கெஸ்ட்ராவுக்குமான படைப்பு. குழல் வாசித்தவர் ஜம்ஷீத் அந்தலீபி. குழல் தன் வாக்கியத்தை முடிக்கும்வரை தந்திகள் பொறுத்திருக்கும். 'கப்பே' (1996), 'ஆமைகளும் பறக்கும்' (2004) போன்ற படங்களுக்கு இசையமைத்தவரும் அலிஸாதேதான்.

தாளம் உள்ள பகுதி வேண்டுமென்றால் ரெங் (நடன மெட்டு), சஹார்மெஸ்ராப் (வேகமான வாத்தியத் துண்டு) என்று வகைகள் இருக்கின்றன. திருமண வீட்டு ஆறு-எட்டு தாளத்தை எல்லாக் காட்சிக்கும் ஓட்டுவது சோம்பல்.

அளவும் முக்கியம். அஸ்கர் ஃபர்ஹாதியின் 'எ செப்பரேஷன்' (2011) படத்தில் சத்தார் ஓரகியின் இசை கிட்டத்தட்ட முழுக்க இறுதி எழுத்துகளுக்காகக் காத்திருக்கிறது. நல்ல இரண்டு நிமிடக் கூஷே கையில் இருந்தால், அதைப் படம் முழுக்கத் தெளிக்காமல் ஓரிடத்தில் முழுமையாக வரவிடுங்கள்.

ரெக்கார்டிங் நாளுக்கு ஒரு குறிப்பு. ஈரானியச் சந்தூரில் ஒவ்வொரு சுரத்துக்கும் நான்கு தந்தி. ஒரு தஸ்த்காவுக்குச் சேர்த்த சுருதி அடுத்ததுக்கு ஆகாது. ஒரே ஒரு சுரத்தை மூன்று ஸ்தாயியிலும் மாற்றினாலே பன்னிரண்டு தந்தியை முறுக்க வேண்டியிருக்கும். ஷூர் முடிந்ததும் உடனே சஹார்காஹ் என்று ஸ்டுடியோவில் கேட்டால் ஒரு மணி நேரம் அதிலேயே கரையலாம். எந்தெந்தத் தஸ்த்காவில் எத்தனை துண்டு என்று முதல் நாளே கலைஞருக்குச் சொல்லிவிடுங்கள். முடிந்தால் இரண்டு சந்தூர் கொண்டுவரச் சொல்லி, அதற்கான வாடகையையும் பட்ஜெட்டில் எழுதி வையுங்கள்.