கேமை அழிக்காமலே வேறு டிரைவுக்கு மாற்றலாம்

ரிச்சி ஸ்ட்ரீட்டில் கம்ப்யூட்டருக்குப் புது எஸ்எஸ்டி (வேகமான சேமிப்பு டிரைவ்) வாங்கி மாட்டியாயிற்று, சி டிரைவோ சிவப்புக் கோட்டில் நிற்கிறது. உடனே கேமை அழித்துவிட்டு, 100 ஜிபியை மறுபடி டவுன்லோடு செய்ய உட்கார வேண்டாம்.

கேம்களை வாங்கி இன்ஸ்டால் செய்ய உதவும் ஸ்டீம் ஆப்பில் வேலை சுலபம். செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பகுதிக்குப் போய்ப் புது டிரைவைச் சேருங்கள். அப்புறம் கேமை டிக் செய்து 'மூவ்' கொடுத்தால் போதும். ஃபோல்டரை நீங்களே இழுத்துப் போட்டால் ஸ்டீமுக்கு அது எங்கே போனதென்று தெரியாது.

அதேபோன்ற இன்னொரு ஆப்பான எபிக் கேம்ஸ் லாஞ்சரில் கொஞ்சம் சுற்றுவழி. கேம் ஃபோல்டரை முதலில் வேறு இடத்தில் காப்பி எடுத்துவிட்டு, கேமை அன்இன்ஸ்டால் செய்யுங்கள். புது டிரைவைக் காட்டி இன்ஸ்டாலை ஆரம்பித்து, ஓரிரு சதவீதத்தில் நிறுத்தி லாஞ்சரை மூடுங்கள். காப்பியை அந்தப் புது ஃபோல்டரின் மேல் ஒட்டி, லாஞ்சரைத் திறந்து இன்ஸ்டாலைத் தொடரச் சொல்லுங்கள். இருக்கும் ஃபைல்களைச் சரிபார்த்து, குறைவதை மட்டும் இறக்கிக்கொள்ளும்.

சேவ் ஃபைல்கள் (நீங்கள் விளையாடியவரை பதிவாகியிருக்கும் ஃபைல்கள்) பெரும்பாலும் விண்டோஸின் டாக்குமென்ட்ஸ் ஃபோல்டரிலோ ஆப்டேட்டா (AppData) ஃபோல்டரிலோ இருக்கும். எதற்கும் ஒரு காப்பி வைத்துக்கொள்ளுங்கள். அப்படியே, மின்வாரியம் மாதாந்திரப் பராமரிப்பு என்று அறிவித்த நாளில் இதைத் தொடங்காதீர்கள். லேப்டாப் என்றால் சார்ஜரைச் செருகியே வையுங்கள்.