கேமரா இல்லாத நாளில் கதை கேட்காதீர்கள்

போன வாரம், காட்பாடியில் ஆவணப்படம் எடுக்கப் பழகும் பையன் ஒருவன் குஷியாக வந்தான். "சார், ஆம்பூர்ல ஷூ கம்பெனிக்குப் போற அக்காகிட்ட முழுக் கதையும் கேட்டுட்டேன். ஞாயித்துக்கிழமை ஷூட்டிங்." எனக்குப் பகீரென்றது. ஃபோகஸ் தவறுவது, பேட்டரி தீர்வதெல்லாம் ஒருமுறை பட்டால் சரியாகிவிடும். இது அப்படியல்ல.

முழுக் கதையையும் முன்பே கேட்டுவிடுவது

குடியாத்தத்தில் பீடி சுற்றும் ஓர் அம்மாவைப் பார்க்கப் போயிருந்தேன். முதல் நாள் சும்மா பழகத்தான். கேமரா பையிலேயே இருந்தது. மடியில் முறம். தூள் வைத்து, சுருட்டி, நூல் கட்டிக்கொண்டே பேசினார். 1000 பீடிக்கு இவ்வளவு என்று கூலி; அந்தக் கை நிற்காது. டீ வந்தது. வீட்டுக்காரர் எப்போது தவறினார் என்று நானாகத்தான் கேட்டேன். அடக்கம் முடிந்த ராத்திரி, மறுநாள் கடைக்குக் கொடுக்க வேண்டிய கணக்கில் குறைந்ததை உட்கார்ந்து சுற்றினாராம். அதைச் சொல்லும்போது கை நின்றுவிட்டது.

மறுநாள் வாடகை லென்ஸ், காலர் மைக், எல்லாம் கச்சிதம். அதே கேள்வி. "அதான் நேத்தே சொன்னனே தம்பி" என்று ஆரம்பித்து நாலு வரியில் முடித்தார். கை ஓடிக்கொண்டே இருந்தது. அதோடு விட்டேனா? "நேத்து மாதிரி சொல்லுங்கம்மா" என்றேன். "நேத்து மாதிரின்னா இன்னா தம்பி, அழணுமா?" என்றார். அதுதான் பதிவாகியிருக்கிறது.

அவர் மேல் தப்பே இல்லை. தெரிந்தவனிடம் தெரிந்ததை யார் விரித்துச் சொல்வார்கள்? இப்போதெல்லாம் முதல் நாள் மூன்றே கேள்விதான்: வெயில் எந்தப் பக்கம் இறங்கும், கரண்ட் எப்போது போகும், பீடி ஒப்படைக்க எந்தக் கிழமை போவீர்கள். கதை ஆரம்பித்தால், "அப்புறம் கேக்கறேன்மா" என்று எழுந்துவிடுவேன். மரியாதைக் குறைவுதான். பரவாயில்லை.

கேட்டுத் தொலைத்துவிட்டால்? கேள்வியை வேறு ஆள் கேட்கட்டும். கூடப் படிக்கும் பெண்ணைக் கேமராவுக்குப் பக்கத்தில் உட்காரவைத்து, நீ வாயைத் திறக்காதே என்று பையனிடம் சொன்னேன். முகம் சுருங்கிப் போனான்.

மின்விசிறி

நிறுத்துங்கள். மே மாதத்து வேலூரில் அது கொடுமைதான். பத்து நிமிடத்துக்கு ஒருமுறை போட்டுவிடுங்கள். ஆள் பேசாத அறையின் சத்தத்தையும் 30 விநாடி பதிவு செய்துகொள்ளுங்கள், எடிட்டிங்கில் ஒட்டுப்போட அது வேண்டும்.

மொழிபெயர்ப்பவர்

பேரணாம்பட்டு, வாணியம்பாடி பக்கம் பல வீடுகளில் உருதுதான். ஐந்து நிமிடப் பேச்சைப் பக்கத்தில் நிற்பவர் "கஷ்டம்னு சொல்றாங்க" என்று முடித்துவிடுவார். குறுக்கே பேசவிடாதீர்கள். வரிவரியாகப் பிறகு எழுதிக்கொள்ளலாம்.

பதில் முடிந்ததும் கட் சொல்வது

சொல்லாதீர்கள்.

சோக இசை

வேண்டாம்.

ஊருக்குக் காட்டிவிட்டுப் படத்தில் பேசியவர்களுக்குக் காட்டுவது

ஒப்புதல் தாளில் கையெழுத்து வாங்கினால் மட்டும் போதாது. அந்தக் குடியாத்தத்து அம்மாவுக்கு லேப்டாப்பில் போட்டுக் காட்டினேன். புருஷனைப் பற்றிய பேச்சு, "அழணுமா" எல்லாம் ஓடியது, ஒன்றும் சொல்லவில்லை. ஒரு குளோசப் வந்தபோது மட்டும் விரலை வைத்தார். "இந்தப் பீடிக்கு நூல் சரியா விழல. இத எடுத்துடு தம்பி."

எடுத்துவிட்டேன்.