பெரிய ஃபைலில் ஒரு துண்டை மட்டும் இறக்க
இணையத்தில் இருக்கும் ஒரு பெரிய ஜிப் ஃபைலுக்குள் என்னென்ன இருக்கிறது என்று பார்க்க முழுவதையும் இறக்கத் தேவையே இல்லை, அந்தப் பட்டியல் ஃபைலின் கடைசியில்தான் இருக்கும். ஸ்கிரிப்டில் கோரிக்கை அனுப்பும்போது ரேஞ்ச் ஹெட்டரில் (எந்தப் பகுதி வேண்டும் என்று கோரிக்கையோடு சர்வருக்குப் போகும் குறிப்பு) 'பைட்ஸ்=-65536' என்று கொடுங்கள், கடைசி 64 கேபி மட்டும் வரும் (உள்ளே ஃபைல்கள் ஏராளம் என்றால் கொஞ்சம் கூட்டிக் கேளுங்கள்). தொடக்கம் வேண்டுமா, 'பைட்ஸ்=0-1023'. இரண்டு முனையும் சேர்த்தி என்பதால் சரியாக 1024 பைட் கிடைக்கும், இங்கேதான் ஒரு பைட் பிசகும்.

அப்புறம், பதிலின் நிலைக் குறியீடு 206 (கேட்ட துண்டு மட்டும்) என்று வந்ததா என்று கட்டாயம் பாருங்கள். 200 வந்தால் சர்வர் ரேஞ்சைக் கண்டுகொள்ளவில்லை, முழு ஃபைலும் வந்துகொண்டிருக்கிறது என்று அர்த்தம், உடனே இணைப்பைத் துண்டித்துவிடுங்கள்; பைத்தானின் ரெக்வெஸ்ட்ஸ் நூலகத்தில் ஸ்ட்ரீம்=ட்ரூ போட்டிருந்தால்தான் அது பலன் தரும், இல்லையென்றால் பதில் கைக்கு வருமுன்பே முழுதும் இறங்கிவிடும். 416 என்றால் நீங்கள் கேட்ட தொடக்க இடமே ஃபைல் அளவைத் தாண்டியிருக்கிறது.