போப் காலத்துக் கவிதையைப் படிக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

பதினெட்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில், கவிஞர் அலெக்சாண்டர் போப்பின் காலத்தில், எழுந்த ஆங்கிலக் கவிதையில் அறிவு உண்டு, உணர்ச்சி இல்லை என்பது வகுப்பறைகளில் வழிவழியாகச் சொல்லப்படும் தீர்ப்பு. இதை ஒப்புக்கொண்டு படிக்கத் தொடங்குவதுதான் முதல் தவறு, மற்ற தவறுகளுக்கும் தாய். அந்த மரபை எதிர்த்து எழுந்தவர்கள் வழங்கிய தீர்ப்பு அது. கவிஞர் வேர்ட்ஸ்வொர்த் 1800இல் 'லிரிக்கல் பேலட்ஸ்' என்ற தொகுப்புக்கு எழுதிய முன்னுரையில் முந்தைய நூற்றாண்டின் செயற்கை நடையைச் சாடினார். போப்புக்கு முந்தைய தலைமுறைக் கவிஞரான டிரைடனும் போப்பும் கவிதைக்கு அல்ல, உரைநடைக்கே செவ்வியலாளர்கள் என்று 1880இல் விமர்சகர் மேத்யூ ஆர்னல்டு ஒதுக்கிவைத்தார். ஒரு தரப்பின் வாதத்தை மட்டும் கேட்டுவிட்டு நாம் ஏன் தலையாட்ட வேண்டும்?

அலெக்சாண்டர் போப்பின் 'தி ரேப் ஆஃப் தி லாக்' வெறும் விளையாட்டுக் கவிதை என்று நினைப்பது அடுத்த தவறு. பெட்ரே பிரபு, அரபெல்லா ஃபெர்மர் என்ற இளம்பெண்ணின் கூந்தல் சுருளொன்றை வெட்டிவிட, இரு குடும்பங்களுக்கும் மனக்கசப்பு மூண்டது. அதைத் தணிக்க எழுதிய கவிதை 1712இல் இரண்டு காண்டங்களாக வந்து, 1714இல் ஐந்தாக வளர்ந்தது. மூன்றாம் காண்டத்தின் தொடக்கத்தை நிதானமாகப் படித்துப் பாருங்கள். மூன்று நாடுகள் பணியும் ஆன் அரசி, ஹாம்ப்டன் கோர்ட் அரண்மனையில் சில வேளை ஆலோசனை கொள்கிறார், சில வேளை தேநீர். ஒரே வினையில் அரசாட்சியும் பொழுதுபோக்கும் சமமாகிவிடுகின்றன. சில அடிகள் தள்ளி, பொழுது சாய்கிறது. பசித்த நீதிபதிகள் அவசரமாகத் தண்டனையில் கையெழுத்திடுகிறார்கள். ஜூரிகள் உணவருந்தப் போக வேண்டும், அதற்காக அபாக்கியவான்கள் தூக்கில் தொங்குகிறார்கள். இரண்டே அடிகள். உடனே கவிதை நாயகியின் சீட்டாட்டத்துக்குப் போய்விடுகிறது. குரலை உயர்த்தாமலே இவ்வளவு கோபத்தைச் சொல்ல முடியுமா என்று ஒவ்வொரு முறையும் வியக்கிறேன். இதையா உணர்ச்சியற்ற கவிதை என்பது?

பத்து அசை கொண்ட ஈரடிகளாகக் கவிதை ஓடுவதால், குறளைப் போல ஒவ்வொரு ஈரடியையும் தனியே பறித்துவிடலாம் என்று நமக்குத் தோன்றும். தவறுவது மனித இயல்பு, மன்னிப்பது தெய்வ இயல்பு என்ற புகழ்பெற்ற அடிக்கு நேர்ந்த கதி அதுதான். போப் எழுதி 1711இல் வெளிவந்த 'ஆன் எஸ்ஸே ஆன் கிரிட்டிசிசம்' என்ற கவிதையில், விமர்சகர்களை நோக்கிப் பேசும் இடத்தில் அது வருகிறது. விமர்சனம் செய்யும் வேகத்தில் மனிதத்தன்மையை இழந்துவிடாதே என்கிறார் அந்த 22 வயது இளைஞர். நாட்காட்டிப் பொன்மொழியாகப் படித்தால் இந்தக் குறி தவறிவிடும்.

அந்த அடி 'டிவைன்' என்று முடிகிறது, அதன் இணையடி 'ஜாயின்' என்று. எதுகை பிசகியதாகக் குறை சொல்லக் கூடாது. அக்காலத்தில் 'ஜைன்' என்ற உச்சரிப்பும் வழங்கியது. அரசியின் தேநீரும் 'டே' என்றே ஒலித்து, முந்தைய அடியின் 'ஒபே' என்ற முடிவோடு பொருந்தியது.

வேர்ட்ஸ்வொர்த்துக்கு முன் யாரும் இயற்கையைப் பாடவில்லை என்று எழுதுவோரும் உண்டு. ஆனால் குளிர்காலத்தைப் பாடும் ஜேம்ஸ் தாம்சனின் 'விண்டர்' 1726இல், எதுகையற்ற யாப்பில் வெளிவந்தது. பெண் கவிஞர் ஆன் ஃபிஞ்சின் கவிதைத் தொகுப்பு 1713இலேயே வந்துவிட்டது. அவருடைய இரவு வருணனையை வேர்ட்ஸ்வொர்த்தே பாராட்டியிருக்கிறார்.

போப் ஒருவரே அந்தக் காலம் என்று எண்ணுவதுதான் என்னை மிகவும் வருத்தும் தவறு. ஒரு பானை சோற்றுக்கு ஒரு சோறு பதம் என்பது இங்கே செல்லாது. கதிரடிக்கும் தொழிலாளி ஸ்டீஃபன் டக் தம் உழைப்பைக் கவிதையாக்கினார். அது 1730இல் அச்சேறியது. அதில் வயலில் வேலை செய்யும் பெண்களை வாயாடிகளாகக் காட்டியிருந்தார். சலவைத் தொழிலாளியான மேரி கோலியர் 1739இல் 'தி வுமன்ஸ் லேபர்' என்று பதிலடி கொடுத்தார். வயல்வேலை முடிந்து வீடு திரும்பினால் சமையல், பிள்ளைகள், இரவில் அழும் குழந்தை. கனவு காணக்கூட எங்களுக்கு நேரமில்லை என்றார். உணர்ச்சிக்கு இடமில்லை என்று பழிக்கப்படும் அதே ஈரடி யாப்பில்தான் அவரும் எழுதினார்.