வேறு காவல் படைக்கு மாறும்போது பழைய சர்வீஸை விட்டுவிடாதீர்கள்

எக்காரணம் கொண்டும் வெறும் ராஜினாமா கடிதம் கொடுத்துவிட்டுக் கிளம்பாதீர்கள். புதிய படையில் சேரத்தான் விலகுகிறேன் என்று அதிலேயே எழுதி, முறைப்படி அனுமதி வாங்கி, விடுவிப்பு ஆணையையும் கையில் வைத்துக்கொண்டு போனால்தான் பழைய வருடங்களையும் பென்ஷனுக்குச் சேர்க்கச் சொல்லிக் கேட்க வலுவான ஆதாரம் இருக்கும். விடுவித்த நாளுக்கும் சேர்ந்த நாளுக்கும் நடுவே இடைவெளி விழுந்தால், ஒரு நாளானாலும் சரி, அது எந்தக் கணக்கில் வருகிறது என்று எழுத்தில் வாங்குங்கள்.

அப்புறம் பணிப்பதிவேடு, அதாவது உங்கள் வேலை விவரமெல்லாம் பதிவாகியிருக்கும் புத்தகம். அதைப் புதிய படைக்கு அனுப்பும் முன் ஒவ்வொரு பக்கத்தையும் நகல் எடுங்கள். விடுப்பு இருப்பு, கடைசிச் சம்பளச் சான்று, பென்ஷனுக்குப் பிடித்த தொகை எல்லாம் சரியா என்று பாருங்கள். பணிமூப்பு தனி விஷயம். பென்ஷனுக்கு எண்ணும் வருடங்களைப் பதவி உயர்வு வரிசையிலும் எண்ணுவார்களா என்று சேரும் முன்பே கேட்டுவிடுங்கள்.